ஆவணப் பட்டியல்களுக்கு ஒரு பொதுக் குறிமுறை

இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் நகரிலுள்ள டிரினிடிக் கல்லூரியின் நூல் நிலையத்தில், 1976-ஆம் ஆண்டின் வசந்த காலத்தில், அமெரிக்கக் கணிதப் பேராசிரியர் ஜார்ஜ் ஆண்ட்ரூஸ் ஒரு காகிதப் பெட்டியைப் பார்வையிட்டார். பேராசிரியர் ஜி. என். வாட்ஸன் என்பார் விட்டுச் சென்ற தாள்கள் அடங்கிய பெட்டி அது. அவற்றினிடையே, 100-க்கு மேற்பட்ட பக்கங்களில், நம் கணித மேதை சீனிவாச இராமானுஜன் தம் வாழ்வின் கடைசி ஆண்டில் தம் கைப்பட எழுதி வைத்த 600-க்கும் அதிகமான சூத்திரங்கள் இருந்தன. இன்று 'இராமானுஜனின் தொலைந்த நோட்டுப் புத்தகம்' என்று உலகம் போற்றுவது இதுவே.

இத்தாள்கள் வந்த வழி விசித்திரமானது. இராமானுஜன் 1920-இல் சென்னையில் காலமான பின், அவருடைய கைப்பிரதிகளைச் சென்னைப் பல்கலைக் கழகத்தார் 1923-இல் பேராசிரியர் ஹார்டிக்கு அனுப்பி வைத்தனர். ஹார்டியிடமிருந்து அவை வாட்ஸனைச் சென்றடைந்திருக்க வேண்டுமென்று கருதப்படுகிறது. வாட்ஸன் 1965-இல் மறைந்தபோது அவருடைய படிப்பறையின் தரையெங்கும் காகிதங்கள் குவிந்து கிடந்தன. அவை சில நாட்களில் எரிக்கப்பட இருந்தன. விட்டேக்கர், ராங்கின் என்னும் இரு கணித அறிஞர்கள் தலையிட்டு அவற்றைக் காப்பாற்றினர். 1968 டிசம்பரில் ராங்கின் இத்தாள்களை டிரினிடிக் கல்லூரிக்கு அனுப்பினார். இவ்வாறு தீக்குத் தப்பிய ஏடு, பத்திரமான ஒரு நூல் நிலையத்திற்குள் வந்து சேர்ந்த பின்னரும் ஏழு ஆண்டுகளுக்கு மேல் கணித உலகின் கவனத்திற்கு வரவில்லை. விவரமறிந்த ஒருவர் வாட்ஸனின் தாள்களைப் பார்க்கும்படி யோசனை கூறியதாலேயே ஆண்ட்ரூஸ் அங்கே தேடிச் சென்றார். அதன்பின் 1988-இல் இந்த ஏடு புது டில்லியில் நிழற்படப் பதிப்பாக வெளியாயிற்று. ஆண்ட்ரூஸும் புரூஸ் பெர்ண்ட்டும் அதற்கு 2005 முதல் 2018 வரை ஐந்து தொகுதிகளில் விளக்கம் எழுதி வெளியிட்டனர்.

'தொலைந்த' என்ற அடைமொழி இங்கே பொருந்துமா என்பது ஐயத்திற்குரியது. பூட்டிய அறையில், நல்ல பாதுகாப்பில், பெட்டி எண்ணோடு இருந்த ஒரு பொருளைத் தொலைந்தது என்று எவ்வாறு கூறுவது? அஃது அங்கே இருக்கின்றது என்னும் செய்தி, அதனை வேண்டியிருந்தவர்களை எட்டவில்லை, அவ்வளவே. ஆவணக் காப்பகங்களைப் பற்றிப் பேசும்போது நம்மவர் பெரும்பாலும் கரையான், ஈரம், அமிலம் கலந்த காகிதம் ஆகியவற்றைப் பற்றியே கவலையுறுகின்றனர். அக்கவலை நியாயமானதே. ஆயினும் கரையான் தின்றதைக் காட்டிலும், பத்திரமாக இருந்தும் இருப்பது தெரியாமையால் பயன்படாமற்போன தாள்கள் மிகுதி என்பது என் அபிப்பிராயம். இக்குறையைப் போக்க உலக ஆவணத் துறையினர் கடந்த முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் கையாண்டு வரும் ஒரு சாதனத்தைப் பற்றியும், அதனை நம் நாடு முழுமனத்துடன் ஏற்க வேண்டியதன் அவசியத்தைப் பற்றியும் இங்கே கூற விரும்புகிறேன்.

நூல் நிலையத்துப் பட்டியலுக்கும் ஆவணக் காப்பகத்துப் பட்டியலுக்கும் அடிப்படையிலேயே ஒரு வேறுபாடு உண்டு. அச்சிட்ட நூல் தனித்து நிற்பது. ஆசிரியர் பெயர், தலைப்பு, பொருள் ஆகியவற்றைக் கொண்டு அதனை எந்த அடுக்கிலும் வைத்து எந்நாளும் தேடி எடுக்கலாம். சீர்காழியில் பிறந்து நூலக இயலுக்கே ஆசானாக விளங்கிய எஸ். ஆர். இரங்கநாதன் 1933-இல் வெளியிட்ட கோலன் பகுப்பு முறை இவ்வகையில் அறிவுத் துறை முழுவதையும் பொருள் வாரியாக அடுக்கிக் காட்டியது. ஆனால் ஆவணம் தனித்து நிற்பதன்று. ஓர் இலாகாவின் கோப்பில் உள்ள கடிதத்தை அதற்கு முந்திய குறிப்போடும் பிந்திய உத்தரவோடும் சேர்த்துப் படித்தால்தான் அதன் பொருள் விளங்கும். அதனை உருவி எடுத்து 'வேளாண்மை' என்றோ 'பஞ்சம்' என்றோ தலைப்பிட்ட வேறோர் அடுக்கில் வைத்துவிட்டால், எவர் எதன்பொருட்டு எழுதினார் என்பதற்கான சாட்சி அழிந்துவிடும். ஆகவேதான் பிரான்ஸ் தேசத்து அரசாங்கம் 1841-இல் ஒரு சுற்றறிக்கை விடுத்து, ஒரு நிறுவனத்திலிருந்தோ குடும்பத்திலிருந்தோ வந்த தாள்களைப் பிறவற்றோடு கலவாமல் ஒரே தொகுப்பாக வைத்திருக்க வேண்டுமென்று விதித்தது. தோன்றிய இடம் மாறாமை, முதலில் அமைந்த வரிசை கலையாமை என்னும் இவ்விரண்டும் ஆவணத் துறையின் அடிப்படைகளாக இன்றளவும் நிலைத்துள்ளன.

அப்படியானால் வேண்டியதைத் தேடுவது எங்ஙனம்? ஒவ்வொரு தொகுப்புக்கும் ஒரு வழிகாட்டிப் பட்டியல் எழுதப்படுகின்றது. முதலில் தொகுப்பு முழுவதையும் பற்றிய வருணனை. யாருடையது, எந்த ஆண்டுகளுக்குரியது, எவ்வளவு, எவர் கைகளின் வழியே இங்கு வந்தது, யார் பார்க்கலாம் என்னும் விவரங்கள். அதன் கீழ் வரிசைகள். வரிசையின் கீழ்க் கோப்புகள். கோப்பின் கீழ், தேவையாயின், தனித்தனித் தாள்கள். மரம், கிளை, கொம்பு, இலை என்ற முறையில் இறங்கிச் செல்லும் அமைப்பு இது. மேலே கூறிய செய்தி கீழே உள்ள அனைத்துக்கும் தானே பொருந்துமாதலால், அதைத் திரும்பத் திரும்ப எழுத வேண்டுவதில்லை. 1994-இல் சர்வதேச ஆவணக் கழகம் வெளியிட்டு, பின்னர் 2000-இல் திருத்திப் பதிப்பித்த பொது விதிகள் இவ்வமைப்பைத்தான் வற்புறுத்துகின்றன. அவ்விதிகள் வருணனைக்கு 26 கூறுகளை வகுத்துள்ளன. அவற்றுள் குறியீட்டு எண், தலைப்பு, ஆக்கியோர், காலம், அளவு, எந்த நிலையைச் சார்ந்த வருணனை என்பது ஆகிய ஆறும் இன்றியமையாதவை.

தேர்ந்தெடுத்துப் பதிப்பித்த தொகுதிகள் இருக்கும்போது வழிகாட்டிப் பட்டியல் எதற்கு என்று சிலர் கேட்பர். புனே நகரிலுள்ள பேஷ்வா தப்தரை எடுத்துக்கொள்வோம். மராத்திய அரசின் கணக்குகளும் கடிதங்களும் பெரும்பாலும் மோடி எழுத்தில், 'ருமால்' எனப்படும் துணிமூட்டைகளில் கட்டப்பட்டு அங்கே உள்ளன. வரலாற்றறிஞர் சர்தேசாய் 1930-களின் முற்பகுதியில் அவற்றினின்றும் தெரிந்தெடுத்த கடிதங்களை 45 தொகுதிகளாகப் பதிப்பித்தார். அஃது அரும்பெரும் பணி. ஆயினும் ஒரு பதிப்பாசிரியர் தெரிந்தெடுப்பது அவர் காலத்தில் முக்கியம் என்று தோன்றியதையே. போரும் இராஜதந்திரமும் அன்று முக்கியமாக இருந்தன. மழையளவு, தானிய விலை, கிராமத்துப் பெண்களின் சொத்துரிமை ஆகியவற்றை ஆராய்பவர் இன்று திறக்க விரும்பும் மூட்டை வேறாக இருக்கலாம். தெரிந்தெடுக்கும் உரிமையைப் படிப்பவரிடமே விடுவது வழிகாட்டிப் பட்டியல்.

இப்பட்டியல்கள் நெடுங்காலம் கையெழுத்திலும் தட்டச்சிலும் இருந்தன. வாசிப்பு அறையின் மேஜை மீது ஒரே ஒரு பிரதி இருக்கும்; ஆயிரம் மைல் கடந்து வந்து அதனைப் புரட்டிப் பார்த்த பின்னரே, தாம் தேடிய பொருள் அங்கில்லை என்பதை ஆராய்ச்சியாளர் அறிவார். கணிப்பொறி வந்தபின் நூல் நிலையங்கள் தங்கள் அட்டைப் பட்டியல்களை 'மார்க்' என்னும் முறையில் மாற்றி அமைத்துக்கொண்டன. ஆவணத் துறையினரும் அதனுள் நுழைய முயன்றனர். ஆனால் அந்த முறையில் ஒரு பதிவு 99,999 எழுத்தெண்களுக்கு மேற்போக இயலாது. பெரிய தொகுப்பு ஒன்றின் பட்டியலுக்கு இது போதாது. அதனினும் பெரிய தடை, அம்முறை நூலைப்போலத் தட்டையானது. கிளைக்குள் கிளையாக இறங்கும் அமைப்பைத் தாங்க வல்லதன்று.

இத்தடையைக் கடக்கும் முயற்சி 1993-இல் கலிபோர்னியாப் பல்கலைக் கழகத்தின் பெர்க்லி நூல் நிலையத்தில், டேனியல் பிட்டி என்பாரின் தலைமையில் தொடங்கிற்று. அவர்கள் முதலில் செய்த காரியம் மிகவும் புத்திசாலித்தனமானது. புதிய பட்டியல் ஒன்றைக் கற்பனை செய்யாமல், பல காப்பகங்களில் அதுவரை எழுதப்பட்டிருந்த பட்டியல்களைச் சேகரித்து, அவை எவ்வாறு அமைந்துள்ளன என்று ஆராய்ந்தனர். வேறு வேறு ஊர்களில் வேறு வேறு பழக்கத்தில் எழுதப்பட்டவையாயினும், அவற்றின் எலும்புக்கூடு ஏறத்தாழ ஒன்றே எனக் கண்டனர். அந்த எலும்புக்கூட்டை, எந்த வர்த்தக நிறுவனத்துக்கும் உடைமையாகாத ஒரு பொதுக் குறிமொழியில் அமைத்தனர். 1998-இல் இதன் முதல் முறையான பதிப்பு வெளிவந்தது. ஆங்கில முதலெழுத்துகளால் 'ஈ.ஏ.டி.' என வழங்கும் இதனை 'ஆவண விவரணக் குறிமுறை' எனத் தமிழில் கூறலாம். 2002-இலும் 2015-இலும் இது திருத்தப்பட்டது. அமெரிக்க ஆவணவியலாளர் சங்கமும் அந்நாட்டு நாடாளுமன்ற நூல் நிலையமும் இணைந்து இதனைப் பேணி வருகின்றன.

இதன் தத்துவம் எளிது. பட்டியலில் '1858' என்று எழுதியிருப்பதாகக் கொள்வோம். அப்பக்கத்தை நிழற்படம் எடுத்தால், கணிப்பொறிக்கு அது வெறும் கரும்புள்ளிகளின் கூட்டம். அதையே தட்டச்சுச் செய்தால் நான்கு இலக்கங்கள். ஆனால் அது கோப்பின் எண்ணா, ஆண்டா, ரூபாயா என்று பொறி அறியாது. குறிமுறையிலோ, அந்த இலக்கங்களின் முன்னும் பின்னும் 'இது ஆவணத்தின் காலம்' என்னும் குறிச்சொல் இடப்படுகின்றது. இவ்வாறே தலைப்புக்கு ஒரு குறிச்சொல், அளவுக்கு ஒன்று, எழுதியவர் வரலாற்றுக்கு ஒன்று, கைமாறி வந்த வரலாற்றுக்கு ஒன்று, பார்வைக் கட்டுப்பாட்டுக்கு ஒன்று என அமைத்து, ஒவ்வொரு கூறும் எந்த மட்டத்தில் நிற்கின்றது என்பதும் சேர்த்துக் குறிக்கப்படுகின்றது. ஒன்றனுள் ஒன்றாகப் பன்னிரண்டு மட்டங்கள் வரை எண்ணிட்டு இறங்க இடமுண்டு. பன்னிரண்டு மட்டம் வேண்டியிருக்கும் தொகுப்பு எதையும் நான் கண்டதில்லை. ஆனால் நம் நாட்டுச் செயலகக் கோப்புகளின் உட்பிரிவுகளை நினைக்கும்போது, அமெரிக்கர்கள் தீர்க்கதரிசனத்தோடுதான் எண்ணியிருக்கின்றனர் என்று தோன்றுகிறது.

குறிமுறையில் அமைந்த பட்டியலால் விளையும் நன்மைக்கு ஓர் உதாரணம் கூறுவேன். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்று, 1937 முதல் சிக்காகோப் பல்கலைக் கழகத்தில் பணியாற்றி, 1983-இல் நோபல் பரிசு பெற்ற வானியல் விஞ்ஞானி சுப்பிரமணியன் சந்திரசேகரின் தாள்கள் அப்பல்கலைக் கழகத்து நூல் நிலையத்தில் உள்ளன. அவற்றுக்கான வழிகாட்டிப் பட்டியலைத் திருச்சியிலோ கௌஹாத்தியிலோ இருக்கும் ஒரு மாணவர் தம் அறையில் அமர்ந்தபடியே படித்து, எந்தப் பெட்டியில் எந்த உறையில் எவருடைய கடிதங்கள் உள்ளன என்று அறிந்துகொள்ளலாம். கடல் கடந்து செல்லும் செலவு, போக வேண்டுமா என்று முடிவு செய்த பின்னரே ஏற்படுகின்றது. இதற்கு மாறாக, சொந்த நாட்டிலேயே அதே தலைமுறையைச் சேர்ந்த விஞ்ஞானிகள் பலரின் தாள்கள் எங்குள்ளன என்று அறிய, அவருடைய மாணாக்கரையோ குடும்பத்தாரையோ தேடிப்பிடித்துக் கேட்க வேண்டியதாயிருக்கிறது. மும்பையில் டாட்டா ஆராய்ச்சி நிலையம், கொல்கத்தாவில் இந்தியப் புள்ளியியல் நிலையம், பெங்களூரில் 2019-இல் தேசிய உயிரியல் விஞ்ஞான மையம் திறந்த காப்பகம் ஆகியவை இத்துறையில் முன்வந்துள்ளமை மகிழ்ச்சிக்குரியது. ஆனால் கடிதம் என்பது பெற்றவரிடம் தங்குவது. ஒரு விஞ்ஞானி எழுதியவை பிறர் தொகுப்புகளிலும், அவருக்குப் பிறர் எழுதியவை அவர் தொகுப்பிலும் இருக்கும். ஒரே உரையாடலின் ஒரு பாதி பெங்களூரிலும் மறு பாதி சிக்காகோவிலும் இருக்குமானால், இரண்டு பட்டியல்களும் ஒரே குறிமுறையில் அமைந்தாலன்றிப் பொறியால் அவற்றை இணைத்துக் காட்ட முடியாது. கலிபோர்னியாவில் பல நிறுவனங்களின் பட்டியல்கள் ஒரே தளத்தில் தேடத்தக்கனவாக இருப்பதும், ஐரோப்பாவில் பல நாடுகளின் காப்பகங்கள் ஒரு பொது வாயிலின் வழியே காணக் கிடைப்பதும் இக்குறிமுறையின் துணையாலேயே.

ஆவணம் வரலாற்றாசிரியர்க்கு மட்டுமே உரியது என்று எண்ணுவது தவறு. கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல் தலைவர்கள் தங்கள் பயணக் குறிப்பேடுகளில் காற்றழுத்தத்தையும் வெப்பத்தையும் பதிந்து வைத்தனர். அக்குறிப்பேடுகள் கப்பலின் பெயர், பயணத்தின் ஆண்டு ஆகியவற்றோடு பட்டியலிடப்பட்டு இலண்டனில் உள்ளன. அவற்றுள் 1789 முதல் 1834 வரையிலான 891 ஏடுகளிலிருந்து வானிலை அளவுகளைத் திரட்டித் தட்பவெப்ப ஆராய்ச்சியாளர்கள் 2012-இல் வெளியிட்டனர். பருவமழையின் பழைய போக்கை அறிய வேண்டிய நமக்கு இத்தகைய ஏடுகள் எவ்வளவு அரியவை என்று கூற வேண்டுவதில்லை. இந்திய வானிலை இலாகா 1875-இல் தோன்றியது. அதற்கு முன்னரே மாவட்டக் கச்சேரிகளிலும் மருத்துவமனைகளிலும் வானாய்வு நிலையங்களிலும் மழையும் வெப்பமும் பதியப்பட்டு வந்தன. அவ்வேடுகள் எந்தெந்தக் காப்பகத்தின் எந்த வரிசையில் உறங்குகின்றன என்பதை ஒரே இடத்தில் தேடிக் காண வழியில்லாத வரை, விஞ்ஞானிக்கு அவை இல்லாதனவே.

இனி நம் நாட்டின் நிலையைப் பார்ப்போம். 1891 மார்ச் 11-ஆம் நாள் கல்கத்தாவில் ஏகாதிபத்திய ஆவண இலாகா என்னும் பெயரில் தொடங்கி, பின்னர் தலைநகருக்கு மாறி, சுதந்திரத்துக்குப் பின் இந்தியத் தேசிய ஆவணக் காப்பகம் என்னும் பெயர் பெற்ற நிறுவனம் நம்முடையது. பட்டியல் தயாரிப்பில் நாம் வெறுங்கையர் அல்லேம். பிரிட்டிஷ் ஆட்சிக் காலத்து இலாகாக்கள் தங்கள் நடவடிக்கைகளுக்கு ஆண்டுதோறும் அகரவரிசைச் சுட்டிகள் அச்சிட்டு வைத்தன. மாகாணச் செயலகங்களும் அவ்வாறே செய்தன. பல நாடுகளின் காப்பகங்கள் கனவிலும் காணாத முதலீடு இது. இதனைக் குறிமுறைக்கு மாற்றுவது, எழுதப்படாத தாள்களைப் புதிதாக வருணிப்பதைவிடப் பன்மடங்கு எளிது. தவிரவும், அந்நடவடிக்கைகளின் பிரதிகள் அக்காலத்தில் ஒழுங்காக இலண்டனுக்கும் அனுப்பப்பட்டு, இன்று பிரிட்டிஷ் நூலகத்தின் இந்திய அலுவலக ஆவணங்களில் உள்ளன. இங்கே சிதைந்த பக்கம் அங்கே முழுமையாக இருக்கலாம். இரு பட்டியல்களும் ஒன்றோடொன்று பேசக்கூடியனவாக இருந்தால் அதைக் கண்டுபிடிக்க ஒரு கணம் போதும்.

சட்டமும் நமக்குத் துணையாக உள்ளது. 1993-ஆம் ஆண்டின் பொது ஆவணச் சட்டம், ஒவ்வோர் இலாகாவிலும் ஓர் ஆவண அதிகாரி நியமிக்கப்பட வேண்டும் என்று கூறுகின்றது. அவ்வதிகாரியின் பொறுப்புகளில் மூன்று நம் பொருளுக்கு நேராக உரியவை: ஆவணங்களுக்கு ஆண்டுதோறும் சுட்டி தயாரித்தல், தம் நிறுவனத்தின் வரலாற்றை எழுதி, ஆண்டுதோறும் அதற்கு அனுபந்தம் சேர்த்தல், தேசிய ஆவணக் காப்பகம் அவ்வப்போது பரிந்துரைக்கும் தரங்களையும் முறைகளையும் பின்பற்றல். வழிகாட்டிப் பட்டியலில் எவை இருக்க வேண்டுமோ அவற்றின் பெரும்பகுதி இங்கேயே அடங்கிவிட்டது. நிறுவன வரலாற்றைத் தனியே குறிமுறைப்படுத்த 2010-இல் ஓர் உடன்பிறந்த தரமும் உலக அளவில் வெளிவந்துள்ளது. ஆகவே புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. 'இந்த வடிவில் அனுப்புக' என்னும் ஒரு பரிந்துரை போதும்.

எனினும் தற்போது நம் உற்சாகமெல்லாம் பக்கங்களைப் படமெடுப்பதிலேயே செல்கின்றது. தேசிய ஆவணக் காப்பகம் 2015-இல் 'அபிலேக் படல்' என்னும் இணையவாயிலைத் திறந்து, கோப்புகளை வீட்டிலிருந்தே பார்க்க வழி செய்தது பாராட்டுக்குரியது. மாநிலங்களும் படமெடுக்கும் பணியில் இறங்கியுள்ளன. எத்தனை பக்கம் படமாயிற்று என்பது அறிக்கையில் எழுதுவதற்கு அழகான எண். ஆனால் எண்களே பெயராகக் கொண்ட படங்கள் ஒரு பெட்டகத்தில் நிரம்பிக் கிடந்து, எந்தப் படம் எந்தக் கோப்பினுடையது, அக்கோப்பு எந்தக் கிளையினுடையது என்பது எடுத்தவருக்கு மட்டுமே தெரியுமானால், பழைய அலமாரிக்கும் அப்பெட்டகத்துக்கும் வேறுபாடு என்ன? அலமாரியிலாவது கட்டின் மேல் ஒரு சீட்டு இருக்கும். பக்கத்துக் கட்டு எது என்று கண்ணுக்குத் தெரியும். படங்கள் கலைந்தால் அதுவும் இல்லை. படமெடுப்பதை நிறுத்துக என்று நான் கூறவில்லை. படமெடுக்கும் ஒப்பந்தம் ஒவ்வொன்றிலும், வரிசை முறை காட்டும் குறிமுறைப் பட்டியலையும் சேர்த்து ஒப்படைக்க வேண்டும் என்னும் நிபந்தனை இருக்கட்டும். பட்டியல் வந்து சேரும்வரை பணம் முழுவதும் கொடுபடாமல் இருந்தால் போதும். பட்டியல் தானே வரும்.

பொதுக் குறிமுறைக்கு இன்னொரு பயனும் உண்டு. பட்டியல் ஒரு குறிப்பிட்ட கம்பெனியின் மென்பொருளுக்குள் மட்டும் வாழ்ந்தால், அந்தக் கம்பெனி மறையும்போது அதுவும் மறையும். 2023 அக்டோபரில் பிரிட்டிஷ் நூலகத்தின் கணினி அமைப்புகள் விஷமிகளின் தாக்குதலுக்கு உள்ளாகி, பட்டியல்களே பல மாதங்கள் வாசகர்க்கு எட்டாமற்போனதை அனைவரும் அறிவர். அத்துணை வசதி படைத்த நிறுவனத்துக்கே அந்நிலை எனில், ஒரே கணிப்பொறியில் ஒரே பிரதி வைத்திருக்கும் சிறு காப்பகத்தின் கதி என்னாகும்? குறிமுறைப் பட்டியல் வெறும் எழுத்துக் கோப்பு. அதனைப் பத்து இடங்களில் பிரதியெடுத்து வைக்கலாம். எந்தப் பொறியிலும் திறக்கலாம். அவசியமானால் தாளில் அச்சிட்டும் வைக்கலாம்.

இக்குறிமுறை குறையற்றது என்று வாதிப்பது என் நோக்கமன்று. தொடக்கப் பதிப்புகள் அளவுக்கு மீறி நெகிழ்வுடையனவாக இருந்தன. ஒரே செய்தியைப் பலவிதமாகக் குறிக்க அவை இடங்கொடுத்தமையால், இரு காப்பகங்களும் விதிகளை மீறாமலே ஒன்றுக்கொன்று பொருந்தாத பட்டியல்களை உண்டாக்கின. 2015-ஆம் ஆண்டுப் பதிப்பு இதனைப் பெருமளவு சரிசெய்தது. கிளை கிளையாக இறங்கும் திரையைக் கண்டு புதிய வாசகர் திகைப்பதும் உண்மை. மேலும், ஓர் ஆவணம் ஒரே மரத்தின் இலை என்பதைவிட, பல நிறுவனங்களோடும் மனிதர்களோடும் உறவு கொண்ட வலையின் முடிச்சு என்று கருதுவதே பொருத்தம் என்னும் கொள்கை வலுப்பெற்று, சர்வதேச ஆவணக் கழகம் 2023-இல் அவ்வடிப்படையில் ஒரு புதிய மாதிரியை வெளியிட்டுள்ளது. புதியது வந்துவிட்டதே, அது நிலைபெறும் வரை காத்திருக்கலாம் என்று சில குழுக்கள் முடிவு செய்யக்கூடும். காத்திருப்பதில் நம் குழுக்களுக்குள்ள திறமை பிரசித்தம். ஆனால் ஒழுங்காகக் குறிமுறைப்படுத்தப்பட்ட பட்டியலைப் புதிய மாதிரிக்குப் பொறியின் துணையாலேயே பெரும்பாலும் மாற்றலாம். தட்டச்சுத் தாளை அவ்வாறு மாற்ற இயலாது. காத்திருப்பவர் இன்று இழப்பதோடு நாளையும் இழப்பார்.

மொழிச் சிக்கல் வேறு வகையானது. இதில் நாம் பிற நாட்டாரைப் பின்பற்ற முடியாது. நம் காப்பகங்களில் பாரசீகம், மோடி, தமிழ் ஓலை, ஆங்கிலம் ஆகிய யாவும் உண்டு. தஞ்சை மராத்திய அரசின் மோடி ஆவணங்களுக்குத் தமிழிலும் ஆங்கிலத்திலும் வருணனை வேண்டும். மூல எழுத்திலும் தலைப்பு வேண்டும். தமிழ் எழுத்துகள் தொடக்கத்திலிருந்தே யூனிகோடில் உள்ளன. மோடி எழுத்துகளும் 2014-இல் இடம் பெற்றுவிட்டன. எனவே எழுத்து ஒரு தடையன்று. 2015-ஆம் ஆண்டுப் பதிப்பு பன்மொழி வருணனைக்கும் இடங்கொடுக்கின்றது. உண்மையான சங்கடம் பெயர்களில்தான். தஞ்சாவூர், டாஞ்சூர், திருச்சிராப்பள்ளி, டிரிச்சினாப்பொலி, கான்பூர், காவன்பூர். ஒருவர் பழைய ஆங்கிலப் பெயரால் தேடினாலும் இன்றைய பெயரால் தேடினாலும் ஒரே கோப்பு கிடைக்க வேண்டுமாயின், ஊர்ப்பெயர்களுக்கும் ஆட்பெயர்களுக்கும் இலாகாப் பெயர்களுக்கும் தேசிய அளவில் ஓர் ஒப்புமைப் பட்டியல் அவசியம். இதனை ஒவ்வொரு மாநிலமும் தனித்தனியே செய்வது வீண். மத்திய நிறுவனமே செய்ய வேண்டிய வேலைகளுள் இதுவே முதன்மையானது, செலவும் மிகுதியன்று.

பணமும் ஆளும் இல்லை என்பது சிறிய நிறுவனங்களின் முறையீடு. ஆவணங்களை வருணிப்பதற்கென்றே ஆக்கப்பட்டு இலவசமாகக் கிடைக்கும் மென்பொருள்கள் உள்ளன. 'ஏட்டம்' எனச் சுருக்கி வழங்கும் ஒன்று சர்வதேச ஆவணக் கழகத்தின் ஆதரவில் தோன்றியது. குறிச்சொல் ஒன்றையும் கையால் எழுதாமலே, கேட்கும் கட்டங்களை நிரப்பினால் அது குறிமுறைப் பட்டியலை உண்டாக்கித் தரும். ஆள் பற்றாக்குறைக்கு மருந்து வேறு. கிரீன், மைஸ்னர் என்னும் இரு அமெரிக்க ஆவணவியலாளர்கள் 2005-இல் ஒரு கட்டுரை எழுதி, ஒரு தொகுப்பைத் தாள் தாளாக நுணுகி வருணித்து, மற்ற பத்துத் தொகுப்புகளை இருளில் விட்டுவைக்கும் பழக்கத்தைக் கடுமையாகக் கண்டித்தனர். அவர்கள் கூறிய பரிகாரம், எல்லாத் தொகுப்புகளுக்கும் முதலில் மேல்மட்ட வருணனை மட்டும் எழுதுவது. தேவை எழும்போது கீழே இறங்குவது. கலையுணர்வு மிக்க நம் ஆவணவியலாளர் சிலருக்கு இது பிடிக்காது என்பதை அறிவேன். ஆயினும் நம் நாட்டுக் குவியலின் அளவை நோக்க, வேறு வழியுள்ளதாகத் தெரியவில்லை.

ஓய்வு பெறும் ஆராய்ச்சியாளரின் அறையைக் காலி செய்யும் ஒவ்வொரு விஞ்ஞான நிலையமும், தாள்களை வெளியேற்றுவதற்கு முன் ஒரு முழுத்தாளில் மேலே கூறிய இன்றியமையாத ஆறு கூறுகளை மட்டும் நிரப்பி, அதனைக் குறிமுறையில் ஏற்றித் தேசிய ஆவணக் காப்பகத்துக்கு ஒரு பிரதி அனுப்பும் பழக்கத்தை இந்த ஆண்டே தொடங்கலாம். ஒரு தொகுப்புக்கு அரை நாள் வேலை. எஞ்சிய இருபது கூறுகளும் காத்திருக்கலாம்.